என்.எச்.எல். கோல் சாதனை: மலோன் முதல் ஒவெச்கின் வரை

வட அமெரிக்காவின் தேசிய ஹாக்கி லீக்கில் (என்.எச்.எல்.) ஒரு வீரர் தம் ஆட்டக்காலம் முழுவதிலும் சேர்த்து அடித்த கோல்களின் உச்ச எண்ணிக்கையே என்.எச்.எல். கோல் சாதனை எனப்படுகிறது. ஐஸ் ஹாக்கி உலகில் பெரிதும் மதிக்கப்படும் தனிநபர் சாதனைகளில் இதுவே முதன்மையானது. 1952 முதல் நான்கு பேர் மட்டுமே இதைக் கைப்பற்றியிருக்கிறார்கள்: கனடாவின் மோரிஸ் ரிச்சர்ட், கோர்டி ஹோவ், வெய்ன் கிரெட்ஸ்கி, ரஷ்யாவின் அலெக்ஸாண்டர் ஒவெச்கின். சாதனை கைமாறிய கதையில் இந்த நால்வரின் வாழ்க்கையோடு ஆட்டத்தின் விதிகளும் கருவிகளும் ஆடும் முறையும் மாறிவந்த வரலாறும் அடங்கியிருக்கிறது.

ஆட்டமும் கணக்கும்

என்.எச்.எல். ஆட்டங்கள் 200 அடி நீளமும் 85 அடி அகலமும் கொண்ட பனித்தளத்தில் ஆடப்படுகின்றன. கோல்கீப்பரையும் சேர்த்து அணிக்கு ஆறு பேர் களத்தில் இருப்பார்கள். பந்துக்குப் பதிலாக மூன்று அங்குல விட்டமும் ஓர் அங்குலத் தடிமனும் உள்ள கெட்டியான ரப்பர் வட்டு. அது புக வேண்டிய கோல் சட்டத்தின் அகலம் ஆறு அடி, உயரம் நான்கு அடி. தலா 20 நிமிடமாக மூன்று பகுதிகள் ஆடுவார்கள். விதியை மீறியவர் சில நிமிடங்கள் வெளியே உட்கார வேண்டும். அப்போது எதிரணிக்குக் கிடைக்கும் ஆள்பல வாய்ப்புக்கு ‘பவர் பிளே’ என்று பெயர்.

வழக்கமான லீக் ஆட்டங்களில் அடித்த கோல்களை வைத்தே சாதனை கணக்கிடப்படுகிறது. லீக்கின் வாகையர் பட்டமான ஸ்டான்லி கோப்பைக்கான பிளே-ஆஃப் சுற்றுகளில் அடித்தவை இதில் சேராது. 1972 முதல் 1979 வரை போட்டி லீக்காக இயங்கிய உலக ஹாக்கி சங்கத்தில் (டபிள்யூ.எச்.ஏ.) அடித்த கோல்களுக்கும் இடமில்லை. கோல் அடிப்பவருக்கு ஒரு புள்ளி கிடைக்கும். வட்டைக் கடத்திக் கொடுத்து உதவியவர்களுக்கும், இருவர் வரை, தலா ஒரு புள்ளி உண்டு. ஆகவே கோல் சாதனையும் புள்ளிச் சாதனையும் தனித்தனியானவை.

தொடக்க காலம் (1917–1940)

1917 நவம்பரில் மான்ட்ரியலில் என்.எச்.எல். நிறுவப்பட்டது. அதே ஆண்டு டிசம்பர் 19 அன்று முதல் ஆட்டங்கள் நடந்தன. அன்றே மான்ட்ரியல் கனேடியன்ஸ் அணியின் ஜோ மலோன் ஐந்து கோல் அடித்தார். அந்தப் பருவத்தில் 20 ஆட்டங்களில் 44 கோல் எடுத்த அவர், 1920 ஜனவரி 31 அன்று கியூபெக் அணிக்காக ஒரே ஆட்டத்தில் ஏழு கோல் அடித்தார். ஒரு நூற்றாண்டு கடந்தும் அந்த ஏழை யாரும் தாண்டவில்லை. அன்றைய பருவங்கள் இருபத்துச்சொச்ச ஆட்டங்களோடு முடிந்துவிட்டதால், இத்தனை வேகமாக அடித்தவராலும் மொத்தத்தில் பெரிய எண்ணிக்கையைச் சேர்க்க முடியவில்லை.

அக்காலத்தில் வட்டை முன்னோக்கிக் கடத்துவதற்குக் கடும் கட்டுப்பாடு இருந்தது. 1929–30 பருவத்தில் களம் முழுவதும் அதற்கு அனுமதி கிடைத்ததும் கோல்கள் குவிந்தன. எதிரணியின் கோல் வாசலில் முன்கூட்டியே போய் நின்று வட்டுக்குக் காத்திருப்பது வழக்கமாகிவிட, பருவத்தின் நடுவிலேயே ஆஃப்சைடு விதியைக் கொண்டுவர வேண்டியதாயிற்று. இன்றைய ஆட்டத்தின் அடிப்படை வடிவம் அந்த ஒரு பருவத்தில் உருவானது என்று சொல்லலாம்.

மலோனுக்குப் பின் சை டென்னெனி, ஹோவி மோரென்ஸ் ஆகியோரிடம் இருந்த சாதனை, 1930-களில் நெல்ஸ் ஸ்டூவர்ட் வசம் வந்தது. மான்ட்ரியல் மரூன்ஸ் அணியின் ஸ்டூவர்ட் வேகமாகச் சறுக்கக்கூடியவர் அல்லர். கோல் வாசலருகே இடம்பிடித்து, வட்டு வந்ததும் குறி தவறாமல் அடிப்பதே அவருடைய பலம். 1931 ஜனவரி 3 அன்று நான்கு விநாடி இடைவெளியில் இரண்டு கோல் அடித்தார். 300 கோலை எட்டிய முதல் வீரரும் அவரே. 1940-இல் ஓய்வுபெற்றபோது அவர் கணக்கில் 324 கோல்கள் இருந்தன. பன்னிரண்டு ஆண்டுகள் அந்த எண் அசையவில்லை.

மோரிஸ் ரிச்சர்ட்

1921-இல் மான்ட்ரியலில் பிறந்த மோரிஸ் ரிச்சர்ட், ‘ராக்கெட்’ என்ற பெயரால் அறியப்பட்டவர். இளவயதில் அடுத்தடுத்து எலும்புகள் முறிந்ததால், இவர் இந்த ஆட்டத்துக்குத் தாங்குவாரா என்ற சந்தேகம் இருந்தது. ராணுவமும் அவரைச் சேர்த்துக்கொள்ளவில்லை. 1942 நவம்பர் 8 அன்று கனேடியன்ஸ் அணிக்காக முதல் கோல் அடித்தார். 1944 டிசம்பர் 28 அன்று பகலெல்லாம் தட்டுமுட்டுச் சாமான்களைச் சுமந்து புதுவீட்டுக்குக் குடிபோனவர், அன்றிரவே டெட்ராய்டுக்கு எதிராகக் களமிறங்கி ஐந்து கோல் அடித்தார். மேலும் மூன்று கோலுக்கு உதவினார். ஒரே ஆட்டத்தில் எட்டுப் புள்ளி என்பது அன்றைக்கு லீக் சாதனை.

அதே பருவத்தின் கடைசி ஆட்டம் 1945 மார்ச் 18 அன்று பாஸ்டனில் நடந்தது. அதில் ரிச்சர்ட் தம் ஐம்பதாவது கோலை அடித்தார். 50 ஆட்டத்தில் 50 கோல் என்ற இலக்கு அன்றுதான் பிறந்தது. நல்ல வீரர்கள் பலர் போருக்குப் போயிருந்த காலம் அது என்று சிலர் அதைக் குறைத்துப் பேசினார்கள். ஆனால் அதே வேகத்தில் இன்னொருவர் ஐம்பதைத் தொட 36 ஆண்டுகள் பிடித்தன. 1981-இல் நியூயார்க் ஐலண்டர்ஸ் அணியின் மைக் பாஸி அதைச் செய்தார்.

1952 நவம்பர் 8 அன்று, முதல் கோல் அடித்து சரியாகப் பத்தாண்டு நிறைந்த நாளில், மான்ட்ரியல் ஃபோரம் அரங்கில் சிகாகோவுக்கு எதிராக 325-ஆவது கோலை அடித்து ஸ்டூவர்ட்டை முந்தினார் ரிச்சர்ட். 1957 அக்டோபரில் 500 கோலைத் தொட்ட முதல் வீரரானார். 1960-இல் எட்டு ஸ்டான்லி கோப்பைகளோடும் 544 கோல்களோடும் ஓய்வுபெற்றார்.

ரிச்சர்டின் பெயர் ஆட்டத்துக்கு அப்பாலும் எதிரொலித்தது. 1955 மார்ச் 13 அன்று பாஸ்டனில் எதிரணி வீரரின் மட்டை பட்டுத் தலையில் காயமடைந்த அவர், பதிலுக்குத் தாக்கினார். தடுக்க வந்த கோட்டு நடுவரையும் அடித்தார். லீக் தலைவர் கிளாரன்ஸ் கேம்ப்பெல், அப்பருவத்தில் எஞ்சிய ஆட்டங்களுக்கும் பிளே-ஆஃபுக்கும் அவரைத் தடைசெய்தார். பிரெஞ்சு பேசும் கியூபெக் மக்கள் இதைத் தங்கள் இனத்தின் மீது ஆங்கிலம் பேசுவோர் காட்டிய பாரபட்சமாகவே எடுத்துக்கொண்டனர். மார்ச் 17 அன்று கேம்ப்பெல் ஃபோரம் அரங்குக்கு வந்தபோது அவர்மீது முட்டையும் தக்காளியும் பறந்தன. கண்ணீர்ப் புகைக் குண்டு ஒன்று வெடித்தது, ஆட்டம் பாதியில் நின்றது, கலவரம் தெருவுக்குப் பரவியது. மறுநாள் ரிச்சர்ட் வானொலியில் பேசி மக்களை அமைதிப்படுத்தினார். புள்ளிப் பட்டியலில் முன்னணியில் இருந்த அவர், இந்தத் தடையால் ஒரே ஒரு புள்ளியில் முதலிடத்தை இழந்தார். அந்தப் பட்டம் அவருக்குக் கடைசிவரை கிடைக்கவேயில்லை. கியூபெக்கின் அரசியல் விழிப்புக்கு முன்னோடி நிகழ்வுகளில் ஒன்றாக இக்கலவரத்தை வரலாற்றாசிரியர் பலர் கருதுகிறார்கள். 2000 மே மாதத்தில் ரிச்சர்ட் மறைந்தபோது அரசு மரியாதையுடன் இறுதிச் சடங்கு நடந்தது. ஒவ்வொரு பருவத்திலும் அதிக கோல் அடிப்பவருக்கு 1999 முதல் வழங்கப்படும் கோப்பை இவர் பெயரைத் தாங்கியது.

கோர்டி ஹோவ்

1928-இல் சஸ்காட்சுவான் மாகாணத்தின் ஃபுளோரல் என்ற சிற்றூரில் பிறந்த கோர்டி ஹோவ், 18 வயதில், 1946 அக்டோபரில் டெட்ராய்ட் ரெட் விங்ஸ் அணிக்காக அறிமுகமாகி முதல் ஆட்டத்திலேயே கோல் அடித்தார். ஒப்பந்தத்தில் கையெழுத்திட அவர் கூடுதலாகக் கேட்டது அணியின் மேல்சட்டை ஒன்றைத்தான். சம்பளம் பற்றி வாய்திறக்காமல் இருபது ஆண்டுக்கு மேல் ஆடியவர், தம்மைவிடக் குறைந்த வீரர்கள் தம்மைவிட அதிகம் வாங்கிவந்ததை 1960-களின் இறுதியில்தான் தெரிந்துகொண்டார். வீரர்கள் தங்கள் உரிமைக்காகக் குரல் எழுப்பத் தொடங்கிய காலத்தில் இந்தச் செய்தி பலருக்குப் பாடமாக இருந்தது.

1950-ஆம் ஆண்டு பிளே-ஆஃபின் முதல் ஆட்டத்தில் ஹோவ் தடுமாறிப் பக்கச்சுவரில் மோதினார். மண்டை ஓடு முறிந்தது. மூளையில் ஏறிய அழுத்தத்தைக் குறைக்க அறுவை சிகிச்சை செய்ய வேண்டியிருந்தது. பிழைப்பாரா என்று கவலைப்பட்டவர்கள் வியக்கும்படி, அடுத்த பருவத்தில் 86 புள்ளிகளுடன் லீக்கிலேயே முதலிடம் பிடித்தார். அதன்பின் தொடர்ந்து மூன்று பருவங்கள் முதலிடத்தை விடவில்லை. வலக்கை, இடக்கை இரண்டாலும் அடிக்கக்கூடியவர் அவர். அவருடைய முழங்கைக்கு எதிராளிகள் அஞ்சினார்கள். கோலும், கோலுக்கு உதவியும், ஒரு சண்டையும் ஒரே ஆட்டத்தில் அமைந்தால் அதை ‘கோர்டி ஹோவ் ஹாட்ரிக்’ என்று ரசிகர்கள் இன்றும் சொல்கிறார்கள்.

1963 அக்டோபர் 27 அன்று 544-ஐத் தொட்டு ரிச்சர்டுடன் சமநிலைக்கு வந்தார் ஹோவ். அடுத்த கோலுக்கு இரண்டு வாரம் காத்திருக்க வேண்டியிருந்தது. நவம்பர் 10 அன்று டெட்ராய்ட் ஒலிம்பியா அரங்கில் 545-ஆவது கோல் விழுந்தது. அப்போது டெட்ராய்ட் அணி ஓர் ஆள் குறைவாக ஆடிக்கொண்டிருந்தது. எதிரணியோ ரிச்சர்டின் கனேடியன்ஸ்.

1971-இல் 786 கோல்களுடன் ஓய்வுபெற்ற ஹோவ், 1973-இல் தம் மகன்கள் மார்க், மார்ட்டி இருவருடனும் சேர்ந்து ஆடுவதற்காகவே டபிள்யூ.எச்.ஏ.வின் ஹூஸ்டன் அணிக்குத் திரும்பி வந்தார். அந்த லீக் கலைந்தபின், 1979–80 பருவத்தில் ஹார்ட்ஃபோர்டு அணிக்காக மீண்டும் என்.எச்.எல்.லில் இறங்கினார். 80 ஆட்டத்திலும் ஆடி 15 கோல் அடித்தார். அப்பருவம் முடியுமுன் அவருக்கு 52 வயது நிறைந்திருந்தது. மொத்தம் 1,767 ஆட்டம், 801 கோல், 1,850 புள்ளி. டபிள்யூ.எச்.ஏ.வில் அடித்த 174 கோல்கள் இந்தக் கணக்கில் வரவில்லை. ஆட்ட எண்ணிக்கையில் அவரை பேட்ரிக் மார்லோ முந்தியது 2021-இல்தான். ஹோவ் 2016 ஜூன் 10 அன்று காலமானார்.

மாறிய ஆட்டம் (1960–1979)

1960-களின் தொடக்கத்தில் சிகாகோவின் ஸ்டான் மிகிதாவும் பாபி ஹல்லும் மட்டையின் நுனியை வளைத்து ஆடத் தொடங்கினர். வளைந்த மட்டையிலிருந்து வட்டு வேகமாகவும் கணிக்க முடியாதபடியும் பறந்தது. 1966-இல் ஒரே பருவத்தில் ஐம்பதைத் தாண்டிய முதல் வீரரானார் ஹல். 1959 நவம்பரில் மான்ட்ரியல் கோல்கீப்பர் ஜாக் பிளாண்ட் முகமூடி அணிந்து ஆடியதைத் தொடர்ந்து, கோல்கீப்பர்கள் மெல்லமெல்லத் தங்கள் பாதுகாப்பைப் பெருக்கிக்கொண்டார்கள். 1967-இல் லீக் ஆறு அணிகளிலிருந்து பன்னிரண்டாக விரிந்தது. 1970–71 பருவத்தில் பாஸ்டனின் ஃபில் எஸ்போசிட்டோ 76 கோல் குவித்தார். அதே அணியின் பாபி ஓர், தற்காப்பு வீரராக இருந்துகொண்டே இருமுறை லீக்கின் புள்ளிப் பட்டியலில் முதலிடம் பெற்றார். முழங்கால் காயங்கள் அவருடைய ஆட்டக்காலத்தைப் பாதியில் முடித்தன. மொத்தக் கணக்கை மட்டும் பார்ப்பவர்களின் கண்ணில் படாத மேதை அவர்.

வெய்ன் கிரெட்ஸ்கி

1961 ஜனவரி 26 அன்று ஒன்டாரியோவின் பிரான்ட்ஃபோர்டில் பிறந்தவர் வெய்ன் கிரெட்ஸ்கி. தந்தை வால்டர், குளிர்காலத்தில் வீட்டுக் கொல்லையில் நீர் பாய்ச்சி உறையவைத்து மகனுக்கு ஆடுகளம் அமைத்தார். டப்பாக்களை வரிசையாக வைத்து அவற்றினூடே வட்டை நடத்திச் செல்லப் பழக்கினார். வட்டு இப்போது இருக்கும் இடத்துக்குப் போகாதே, அது வரப்போகும் இடத்துக்குப் போ என்பதே அவர் கற்றுக்கொடுத்த பாடம். கிரெட்ஸ்கியின் இளவயது நாயகன் ஹோவ். அவருடைய 9-ஆம் எண் இளையோர் அணியில் வேறொருவரிடம் இருந்ததால், கிரெட்ஸ்கி இரண்டு ஒன்பதுகளைப் போட்டுக்கொண்டார்.

ஒல்லியான உடம்பு, சராசரி வேகம்தான். ஆனால் களத்தில் நடக்கவிருப்பதை மற்றவர்களுக்கு ஒரு கணம் முன்பே காணும் பார்வை அவருக்கு இருந்தது. எதிரணியின் கோல் சட்டத்துக்குப் பின்னால் நின்று ஆட்டத்தை நடத்துவது அவருடைய முத்திரையாயிற்று. 1979-இல் எட்மன்டன் ஆயிலர்ஸ் அணியோடு என்.எச்.எல்.லுக்குள் வந்தார். 1981 டிசம்பர் 30 அன்று பிலடெல்ஃபியாவுக்கு எதிராக இறங்கும்போது 38 ஆட்டத்தில் 45 கோல் அடித்திருந்தார். அன்று நான்கு கோல் அடித்துவிட்டார். சில விநாடிகளே மீதி. ஆட்டத்தைச் சமன்செய்யும் முயற்சியில் பிலடெல்ஃபியா தன் கோல்கீப்பரை வெளியேற்றிக் கூடுதல் வீரரை இறக்கியிருந்தது. காலியாக இருந்த கோலுக்குள் கிரெட்ஸ்கி வட்டை அனுப்பினார். 39 ஆட்டத்தில் 50 கோல்! அந்தப் பருவத்தை 92 கோலுடன் முடித்தார். 1985–86 பருவத்தில் எடுத்த 215 புள்ளிகளும் இன்றுவரை எட்டப்படாதவை.

எட்மன்டனுக்கு நான்கு ஸ்டான்லி கோப்பைகளை வென்றுதந்த அவர், 1988 ஆகஸ்ட் 9 அன்று லாஸ் ஏஞ்சலஸ் கிங்ஸ் அணிக்கு மாற்றப்பட்டார். செய்தியாளர்கள் முன்னால் கண்ணீர் விட்டார். அரசு தலையிட்டு இதைத் தடுக்க வேண்டும் என்று கனடா நாடாளுமன்ற உறுப்பினர் ஒருவர் கோரினார். 1989 அக்டோபர் 15 அன்று, அதே எட்மன்டன் அரங்கில் ஹோவின் 1,850 புள்ளிகளைத் தாண்டியபோது, ஹோவும் அங்கே இருந்தார். 1994 மார்ச் 23 அன்று லாஸ் ஏஞ்சலஸை அடுத்த இங்கிள்வுட்டில் வான்கூவர் அணிக்கு எதிராக, மார்ட்டி மெக்சோர்லி கடத்திய வட்டைக் கோலுக்குள் அடித்து 802-ஐ எட்டினார். 1999 ஏப்ரலில் ஓய்வுபெறும்போது 1,487 ஆட்டம், 894 கோல், 2,857 புள்ளி. அவருடைய 99-ஆம் எண்ணை லீக்கின் எந்த அணியிலும் யாரும் இனி அணிய முடியாது.

வறண்ட காலமும் மரியோ லெமியூவும்

1980-களின் தொடக்கத்தில் ஓர் ஆட்டத்துக்கு இரு அணியுமாக ஏறத்தாழ எட்டு கோல் விழுந்தது. 1990-களின் இறுதியில் அது ஐந்தைச் சற்றே தாண்டும் அளவுக்குச் சுருங்கியது. கோல்கீப்பர்களின் கவசங்கள் பெரிதாயின. முழங்காலில் இறங்கிக் கால்களை விரித்துக் கோலின் அடிப்பகுதியை அடைக்கும் முறை, பேட்ரிக் ராய் போன்றோரால் எங்கும் பரவியது. நடுக்களத்தை மறித்து எதிரணியை நகரவிடாத தற்காப்பு உத்திகள் வெற்றிபெற்றன.

பிட்ஸ்பர்க் அணியின் மரியோ லெமியூ திறமையில் கிரெட்ஸ்கிக்கு நிகரானவர். 1993 ஜனவரியில் அவருக்கு ஹாட்ஜ்கின் புற்றுநோய் கண்டறியப்பட்டது. மார்ச் 2 அன்று காலையில் கடைசிக் கதிர்வீச்சுச் சிகிச்சையை முடித்துக்கொண்டு, மாலையில் பிலடெல்ஃபியாவில் களமிறங்கிக் கோல் அடித்தார். அப்பருவத்தில் 60 ஆட்டங்களில் மட்டுமே ஆடியும் 160 புள்ளிகளுடன் முதலிடம் பெற்றார். நோயும் முதுகுவலியும் பறித்ததுபோக அவருக்குக் கிடைத்தவை 915 ஆட்டங்கள். அவற்றில் அடித்தவை 690 கோல்.

அலெக்ஸாண்டர் ஒவெச்கின்

1989 வரை சோவியத் வீரர்கள் என்.எச்.எல்.லில் ஆட அவர்கள் நாடு அனுமதிக்கவில்லை. அந்தக் கதவு திறந்தபின் வளர்ந்த தலைமுறையைச் சேர்ந்தவர் ஒவெச்கின். 1985 செப்டம்பர் 17 அன்று மாஸ்கோவில் பிறந்தார். தாய் தத்யானா, கூடைப்பந்தில் 1976, 1980 ஒலிம்பிக் தங்கம் வென்றவர். 2004-இல் வாஷிங்டன் கேபிடல்ஸ் அணி இவரை முதல் தேர்வாக எடுத்தது. சம்பளத் தகராறால் 2004–05 பருவம் முழுவதுமே ரத்தானதால், 2005 அக்டோபர் 5 அன்றுதான் அறிமுகமானார். அன்றே இரண்டு கோல், அந்தப் பருவத்தில் 52 கோல்.

பனித்தளத்தில் வரைந்திருக்கும் இடப்பக்க வட்டத்தருகே நின்று, வரும் வட்டை நிறுத்தாமல் ஒரே வீச்சில் அடிப்பது அவருடைய ஆயுதம். எங்கே நிற்பார், எப்படி அடிப்பார் என்பது எல்லா அணிகளுக்கும் தெரியும். தெரிந்தும் இருபது ஆண்டுகளாக அதைத் தடுக்க வழி கிடைக்கவில்லை. பவர் பிளே கோல்களிலும் லீக் சாதனை இவருடையதே. அதிக கோலுக்கான ரிச்சர்ட் கோப்பையை ஒன்பது முறை வென்றார். 2018-இல் வாஷிங்டனுக்கு அதன் முதல் ஸ்டான்லி கோப்பையைப் பெற்றுத்தந்தார். ரஷ்ய அதிபர் புதினுக்கு வெளிப்படையாக ஆதரவு தெரிவித்ததற்காகக் கண்டனத்துக்கும் உள்ளானார்.

2022 டிசம்பர் 23 அன்று 802-ஆவது கோலால் ஹோவை முந்தினார். 2024 நவம்பரில் கால் எலும்பு முறிந்து 16 ஆட்டங்களை இழந்தபின்னும் வேகம் குறையவில்லை. 2025 ஏப்ரல் 6 அன்று நியூயார்க் ஐலண்டர்ஸ் அணிக்கு எதிராக, இரண்டாம் பகுதியில் கிடைத்த பவர் பிளேயில், டாம் வில்சன் கடத்திய வட்டு இடப்பக்கத்தில் அவரிடம் வந்தது. கோல்கீப்பர் இல்யா சொரோகின் இவர் நாட்டுக்காரர். அவரைத் தாண்டி வட்டு வலைக்குள் பாய்ந்ததும், 39 வயது ஒவெச்கின் குப்புற விழுந்து பனிமீது வழுக்கிச் சென்றார். 895! ஆட்டம் நிறுத்தப்பட்டது. அரங்கில் இருந்த கிரெட்ஸ்கி களத்துக்கு வந்து வாழ்த்தினார். அது ஒவெச்கினின் 1,487-ஆவது ஆட்டம். கிரெட்ஸ்கி ஆடிய மொத்த ஆட்டங்களும் அதே 1,487. அவ்வாண்டு நவம்பர் 5 அன்று 900 கோலைத் தொட்ட முதல் வீரரானார்.

மதிப்பீடு

சாதனை கைமாறிய வரிசை இது:

நெல்ஸ் ஸ்டூவர்ட்: 324 கோல், 1952 வரை.
மோரிஸ் ரிச்சர்ட்: 544 கோல், 1952–1963.
கோர்டி ஹோவ்: 801 கோல், 1963–1994.
வெய்ன் கிரெட்ஸ்கி: 894 கோல், 1994–2025.
அலெக்ஸாண்டர் ஒவெச்கின்: 2025 முதல்.

இந்த எண்களை அப்படியே அருகருகே வைத்து ஒப்பிடுவது நியாயமாகாது. ரிச்சர்ட் நுழைந்தபோது ஒரு பருவத்துக்கு 50 ஆட்டம், ஒவெச்கின் நுழைந்தபோது 82. கிரெட்ஸ்கி கோல் மழைக் காலத்தில் உச்சம் தொட்டார். ஒவெச்கின் ஆடியது கோல் அரிதான காலத்தில். போதாததற்கு, தகராறாலும் பெருந்தொற்றாலும் சில பருவங்கள் குறைந்தன. ஹோவின் முதல் பதினொரு பருவங்களில் கறுப்பின வீரர் ஒருவர்கூட லீக்கில் இல்லை. வில்லி ஓ’ரீ அந்தத் தடையை உடைத்தது 1958 ஜனவரியில். ஆக, யாரை எதிர்த்து ஆடினார்கள் என்பதும் காலத்துக்குக் காலம் வேறுபட்டது.

சராசரியை அளவுகோலாகக் கொண்டால் பட்டியலே மாறிவிடும். பாஸி 752 ஆட்டத்தில் 573 கோல் அடித்தவர். அந்த விகிதத்தில் அவரும் லெமியூவும் ரிச்சர்ட் முதலான நால்வரையுமே மிஞ்சுகிறார்கள். ஆனால் பாஸி முதுகுவலியால் முப்பது வயதிலேயே ஒதுங்க நேர்ந்தது. திறமையோடு நீடித்த உடலும் குன்றாத ஆர்வமும் வாய்த்தவர்களுக்கே இந்தச் சாதனை கிட்டியிருக்கிறது.

அதிக கோல் அடித்தவர் ஒவெச்கின் என்பதில் இனி விவாதமில்லை. மிகச் சிறந்த வீரர் யார் என்ற கேள்விக்கு மட்டும் இந்தச் சாதனை விடையாகாது. கிரெட்ஸ்கியின் 2,857 புள்ளிகளுக்கு அடுத்த இடத்தில் இருக்கும் செக் நாட்டு ஜரோமிர் யாகரின் கணக்கு 1,921. கிரெட்ஸ்கி கோலுக்கு உதவிய 1,963 தருணங்களை மட்டும் எடுத்துக்கொண்டாலே அது யாகரின் மொத்தப் புள்ளிகளைவிட அதிகம்.